மண்ணடுக்கும் மறைபொருளும்

நுழையும்முன்

புதையுண்ட ஊரைத் தோண்டுபவரும் கொலையின் காரணத்தைத் தேடுபவரும் கேட்கும் வினா ஒன்றே: இங்கே என்ன நடந்தது? அகழாய்வுக் களத்தைக் கதைக்களமாக்கிய பெண் எழுத்தாளர்களின் புதினங்களை எவ்வாறு படிக்க வேண்டும் என்பது குறித்து இக்கட்டுரை தன் கருத்தை முன்வைக்கிறது.

துப்பறியும் புதினங்களைப் படிப்பது காலத்தை வீணாக்குவது என்று கருதுவோர் நம்மிடையே உளர். குற்றவாளி யாரென்று தெரிந்ததும் மூடிவைத்துவிடும் நூலில் கற்பதற்கு என்ன இருக்கிறது என்பது அவர்தம் வினா. அவ்வினாவில் நியாயம் இல்லாமல் இல்லை. ஒருமுறை படித்து மறக்கத்தக்க நூல்கள் இவ்வகையில் பல. ஆயினும், அகழாய்வுக் களத்தைச் சார்ந்து பெண்கள் எழுதிய சில புதினங்களை அவ்வாறு ஒதுக்குதல் தகாது. சான்றை மதிக்கும் பண்பை அவை கற்றுத்தருகின்றன. அப்பண்பைக் கொண்டே அவற்றின் குறைகளையும் நாம் காண இயலும்.

இடமே சான்று

அகழாய்வில் கிடைக்கும் பானையோடு ஒன்றின் மதிப்பு அதன் அழகில் மட்டும் இல்லை. அது கிடந்த இடத்தில் இருக்கிறது. கீழே உள்ள மண்ணடுக்கு முந்தையது. மேலே உள்ளது பிந்தையது என்பது பொதுவிதி. எலிவளையோ பிற்காலத்தார் வெட்டிய குழியோ அடுக்கைக் குலைத்திருப்பின், அக்குலைவையும் ஆய்வாளர் கண்டறிதல் வேண்டும். இடம் குறிக்கப்படாமல் எடுக்கப்பட்ட பொருள் தன் வரலாற்றைப் பெரிதும் இழந்துவிடுகிறது. துப்பறிவாளரின் நெறியும் இதுவே. எந்தப் பொருள் எங்கே இருந்தது, யார் அதை நகர்த்தினார், இருக்க வேண்டிய எது இல்லை என்று அவர் வினவுகிறார்.

களத்தில் ஒரு கதையாசிரியர்

இவ்வொற்றுமையை நேரில் கண்டவர் இங்கிலாந்தைச் சேர்ந்த அகதா கிறிஸ்டி (1890–1976). 1928இல் தனியே பாக்தாத்துக்குப் பயணம் செய்த அவர், தென் ஈராக்கில் லெனார்டு ஊலி தலைமையில் நடைபெற்ற ஊர் நகர அகழாய்வைப் பார்வையிட்டார். 1930இல் மீண்டும் அங்குச் சென்றபோது, ஊலியின் உதவியாளரான மாக்ஸ் மாலோவனைச் சந்தித்தார். அவ்வாண்டிலேயே அவரை மணந்தார். அதன்பின் ஈராக்கிலும் சிரியாவிலும் கணவர் நடத்திய அகழாய்வுகளில் ஒளிப்படம் எடுத்தார். கண்டெடுத்த பொருள்களைத் தூய்மை செய்தார். நிம்ருத் என்னும் அசீரிய நகரில் கிடைத்த தந்தச் சிற்பங்களின் இடுக்குகளில் படிந்திருந்த மண்ணை, பின்னலூசியையும் முகத்தில் பூசும் களிம்பையும் கொண்டு அகற்றினார். பொறுமையும் நுண்ணிய பார்வையும் வேண்டும் பணி அது. 1936இல் வெளிவந்த ‘மெசபடோமியாவில் கொலை’ என்னும் புதினத்தில் அந்தப் பார்வை தெரிகிறது. அகழாய்வுக் குழுவினர் தங்கும் வீட்டின் முற்றமும் அறைகளும் அதில் வெறும் பின்புலம் அல்ல. புதிரை அவிழ்க்கும் சான்றுகள்.

மறைந்த உழைப்பு

அப்புதினத்தில் கொல்லப்படுபவர் அகழாய்வுத் தலைவரின் மனைவி. அழகும் பிறரை அலைக்கழிக்கும் இயல்பும் உடையவர். ஊலியின் மனைவி காதரின் ஊலியே அப்பாத்திரத்துக்கு முன்மாதிரி என்பது பரவலாக ஏற்கப்பட்ட கருத்து. உண்மையான காதரின் யார்? ஊர் நகரில் கிடைத்த பொருள்களை வரைபடமாக்கியவர்; அகழாய்வுப் பணிகளில் முழுமையாகப் பங்கேற்றவர். ஆண்கள் நிறைந்த முகாமில் தனித்த பெண் ஒருவர் பணியாற்றுவது முறையா என்று அகழாய்வுக்குப் பொருளுதவி செய்தோர் தயங்கிய காலம் அது. ஊலியை மணந்த பிறகும் களத்தில் அவர் உழைப்பு தொடர்ந்தது. 1929இல் அவரும் ஒரு புதினம் எழுதி வெளியிட்டார். இன்று அவருடைய பணியை அறிந்தோர் சிலர். கிறிஸ்டியின் கதையில் கொலையுண்ட அழகியை அறிந்தோர் பலர். பெண் எழுதியதாலேயே ஒரு நூல் பெண்ணுக்கு நீதி செய்துவிடும் என்று கொள்ள இயலாது.

கல்வியும் கதையும்

அமெரிக்கரான பார்பரா மெர்ட்ஸின் வழி வேறு. 1952இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் எகிப்தியலில் முனைவர் பட்டம் பெற்ற அவருக்கு அத்துறையில் பணி வாய்க்கவில்லை. கற்ற கல்வியை அவர் எழுத்தாக்கினார். எலிசபெத் பீட்டர்ஸ் என்னும் புனைபெயரில் 1975இல் தொடங்கிய அமீலியா பீபாடி வரிசைப் புதினங்களில், பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பெண் ஒருவர் எகிப்தில் அகழாய்வும் செய்கிறார், குற்றங்களையும் துலக்குகிறார். பல்கலைக்கழகம் தராத களத்தை மெர்ட்ஸ் கதையில் அமைத்துக்கொண்டார் எனலாம்.

தெரிந்து தெளிவோம்

இங்கிலாந்தைச் சேர்ந்த அமீலியா எட்வர்ட்ஸ் புதின ஆசிரியர். எகிப்துப் பயணத்துக்குப்பின் ‘நைல் நதிவழி ஆயிரம் மைல்’ என்னும் நூலை 1877இல் வெளியிட்டார். தொன்மைச் சின்னங்கள் அழிவதைக் கண்டு, 1882இல் எகிப்து அகழாய்வு நிதியம் தோன்றக் காரணமானார். இலண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் எகிப்தியல் பேராசிரியர் பணியிடம் ஏற்பட அவர் விட்டுச்சென்ற செல்வமே வழிவகுத்தது.

மண்வெட்டி பிடித்தோர்

இங்கே மற்றொரு வினாவும் எழுகிறது. களங்களில் வெயிலில் நின்று மண்ணை அகற்றியோர் அந்நாட்டுத் தொழிலாளரே. ‘மெசபடோமியாவில் கொலை’யில் அவர்கள் பெரும்பாலும் கூட்டமாகவே வந்து செல்கின்றனர். ஐரோப்பியரும் அமெரிக்கருமே முழுமை பெற்ற மாந்தராக உலவுகின்றனர். மெர்ட்ஸின் புதினங்களிலோ அப்துல்லா என்னும் எகிப்தியத் தலைமைப் பணியாளர் தமக்கெனக் குணமும் மதிப்பும் உடையவராக விளங்குகிறார். எனினும் அங்கும் கதையைச் சொல்லும் குரல் இங்கிலாந்துப் பெண்ணுடையதே. யாருடைய மண் தோண்டப்படுகிறதோ அவர்தம் குரல் தாழ்ந்தே ஒலிக்கிறது.

இக்குறைகளுக்காக இந்நூல்களைப் புறந்தள்ள வேண்டுவதில்லை. அவை கற்றுத்தந்த நெறியை அவற்றின்மீதே செலுத்துவதுதான் நல்ல வாசிப்பு. எந்தக் காலத்தில், யார், யாருக்காக எழுதினார் என்பது நூலின் மண்ணடுக்கு. கதையில் பெயர் பெற்றவர் யார், பெயரின்றி நின்றவர் யார் என்பது அதில் கிடைக்கும் சான்று. கொலையாளியைக் கண்டதும் கதை முடிந்துவிடலாம். வாசகரின் தேடல் அங்கு முடிய வேண்டியதில்லை.