எட்டு வோல்ட் எங்கே போச்சு?

"மலருக்கு ஏதாவது எழுதிக் குடுடா" என்று பேரவைச் செயலாளர் கேட்டதும் எனக்குத் தோன்றியது ஒரு நட்சத்திரம். சினிமா நட்சத்திரம் அல்ல, நண்பர்களே! வானத்து நட்சத்திரம். அதுவும் வானத்தில் இல்லாத நட்சத்திரம்!

அமெரிக்காவில் சான் டியாகோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கணக்கும் கம்ப்யூட்டரும் சொல்லிக் கொடுத்தவர் வெர்னர் விஞ்ஜி. 2024-ல் காலமானார். அவர் 1999-ல் எழுதிய 'எ டீப்னஸ் இன் த ஸ்கை' என்ற நாவலில் ஒரு சூரியன் வருகிறது. பெயரே 'ஆன்-ஆஃப்'. 250 வருஷத்துக்கு ஒரு சுற்று. அதில் 35 வருஷம் எரியும். மீதி 215 வருஷம் அணைந்து கிடக்கும். நம்ம ஹாஸ்டல் கரண்ட் எப்போ போகும்னு யாருக்கும் தெரியாது. இது கணக்காய்ப் போய்க் கணக்காய் வரும்!

அதைச் சுற்றும் கிரகத்தில் சிலந்தி போன்ற, அறிவுள்ள உயிர்கள். சூரியன் அணைந்தால் காற்றே உறைந்து பனியாய்க் கொட்டும். அவை ஆழ்குழிகளில் இறங்கி உறைந்து தூங்கி, மறுபடி எரியும்போது எழுந்து வந்து விட்ட இடத்தில் தொடங்கும். பிள்ளை பெறுவதற்குக்கூட அந்தச் சுற்றில் ஒரு காலம் உண்டு. காலம் தவறிப் பிறந்த குழந்தையை ஊரே அருவருப்பாகப் பார்க்கும். ஒரு நட்சத்திரத்தின் பழக்கம் ஓர் இனத்துக்கே ஒழுக்கமாகிவிட்டது, பாருங்கள்! (நம்ம ஊரில் நல்ல நேரம் பார்க்கிறவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம்.)

அந்தச் சூரியன் ஏன் அப்படி அணைகிறது? ஆராய வந்த மனிதர்களிடம் கப்பல் கப்பலாகக் கருவிகள். கடைசிப் பக்கம் வரை தெளிவான விடை இல்லை. ஆனால் 'எந்த நட்சத்திரமும் இப்படி இருக்காது, ரீடிங் தப்பு' என்று யாரும் அதைக் கழித்துக்கட்டவில்லை. எனக்குப் பிடித்தது இதுதான்.

"கதைதானேடா" என்றான் என் ரூம்மேட். சரி, நிஜத்துக்கு வருவோம்.

2009-ல் ஏவப்பட்ட கெப்ளர் விண்தொலைநோக்கி நாலு வருஷம் ஒரே வானப்பகுதியைப் பார்த்து, ஒரு லட்சத்து ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்ட நட்சத்திரங்களின் ஒளியை அளந்தது. கிரகம் குறுக்கே போனால் ஒளி லேசாகக் குறையும். வியாழன் சைஸ் கிரகம் போனாலே ஒரு சதவீதம்தான். இந்தக் குறைவு சீரான இடைவெளியில் திரும்பத் திரும்ப வருகிறதா என்று தேடுவது கம்ப்யூட்டரின் வேலை. ஆனால் கே.ஐ.சி. 8462852 என்ற நட்சத்திரம் ஒருமுறை 15 சதவீதமும் இன்னொருமுறை 22 சதவீதமும் மங்கியது. எந்த ஒழுங்கும் கிடையாது. இதைப் பிடித்தது கம்ப்யூட்டர் அல்ல. வீட்டில் உட்கார்ந்து இன்டர்நெட்டில் வரைபடங்களை ஒவ்வொன்றாகப் பார்த்த தன்னார்வலர்கள், சாதாரண ஜனங்கள்! 2015-ல் டபேதா போயாஜியான் தலைமையில் கட்டுரை வந்ததும் வேற்றுக்கிரகவாசிகள் கட்டிய ராட்சத அமைப்பு என்றெல்லாம் பத்திரிகைகள் எழுதின. 2018-ல் பார்த்தால், நீல ஒளி அதிகமாகவும் சிவப்பு ஒளி குறைவாகவும் மங்குகிறது. கெட்டியான பொருள் மறைத்தால் எல்லா நிறமும் ஒரே அளவில்தான் மங்கும். ஆகவே நுண்ணிய தூசு. அந்த இடத்துக்குத் தூசு எப்படி வந்தது என்பது தனிக்கதை.

இப்போ நம்ம லேபுக்கு வாங்க.

டி.சி. ஜெனரேட்டரில் ஓ.சி.சி. எடுத்தேன். ஃபீல்டு கரண்ட் பூஜ்யம். வோல்ட் மீட்டர் காட்டியது 8. கரண்டே இல்லாமல் வோல்டேஜ் எப்படி வரும்? மீட்டர் கோளாறு என்று அப்சர்வேஷன் நோட்டில் 8-ஐ அழித்து 0 போட்டேன். கிராஃப் ஒரிஜினிலிருந்து அழகாகக் கிளம்பியது. சீனியர் ரெக்கார்டிலும் அப்படித்தான் இருந்தது! வைவாவில் எக்ஸ்டர்னல் பார்த்தார். "பூஜ்யத்திலேயே வோல்டேஜ் இல்லைன்னா, ஷண்ட் ஜெனரேட்டர் எப்படிப்பா தானா பில்டப் ஆகும்?" எனக்கு வேர்த்துவிட்டது. இரும்பில் மிச்சமிருக்கும் காந்தம்தான் அந்த 8 வோல்ட். அதை வைத்துத்தான் மெஷினே உயிர் பெறுகிறது. நான் அழித்தது மீட்டர் கோளாறை அல்ல, பாடத்தையே!

நானும் ஒத்துக்கொள்கிறேன், தப்பு எங்கள்மேல் மட்டும் இல்லை. வழவழவென்று போகும் கிராஃபுக்கு மார்க். துருத்திக்கொண்டு நிற்கும் புள்ளிக்கு "ரிப்பீட்" என்று சிவப்பு மை. துருத்திய புள்ளியை அப்படியே விட்டு 'ஏன்?' என்று இரண்டு வரி எழுதுகிறவனுக்கு இரண்டு மார்க் கூடுதலாகத் தாருங்கள் என்று ஆசிரியப் பெருமக்களைக் கேட்டுக்கொள்கிறேன். நாளைக்கு நாங்கள் போய் நிற்கப்போவது சப்-ஸ்டேஷனிலும் ஃபேக்டரியிலும். மெக்கரில் இன்சுலேஷன் குறைவாகக் காட்டும்போது, போன மாத ரீடிங்கையே எழுதிப் பழகின கை என்ன எழுதும்? அந்த மோட்டாரைத் தொடப்போகிறவன் இன்னொருத்தன்.

என் அப்சர்வேஷன் நோட் பத்திரமாக இருக்கிறது. ரப்பர் தேய்த்த இடத்தில், பூஜ்யத்துக்கு அடியில் அந்த 8 மங்கலாகத் தெரிகிறது. காப்பியடிக்கக் கேட்கும் ஜூனியர்களுக்கு முதலில் அந்தப் பக்கத்தைத்தான் காட்டுகிறேன்.