அப்பா வேடத்துக்கு யார்?

கையில் ஒரு கைப்பேசி, கூட நான்கு நண்பர்கள், ஒரு விடுமுறை நாள். இன்று குறும்படம் எடுக்க இவ்வளவு போதும். சுங்கை பாக்காப், ஜாவி, நிபோங் திபால் பக்கமுள்ள நம் மாணவர்களுக்கும் அந்த ஆசை உண்டு. கதை பேசும்போதே கதாநாயகன் யார் என்பது முடிவாகிவிடும். அப்பா வேடத்துக்கு யார்? அன்று யார் சும்மா இருக்கிறாரோ அவர்தான். பதினேழு வயதுப் பையன் தலையில் பவுடரைப் பூசிக்கொண்டு இருமியபடி வந்து நிற்பான். பார்ப்பவர்கள் சிரித்துவிடுவார்கள். படம் அங்கேயே படுத்துவிடும்.

துணை வேடம் என்றால் மிச்சம் மீதி என்ற இந்த எண்ணத்தை நாம் விட வேண்டும். அது கற்றுத் தேற வேண்டிய ஒரு தொழில். அதற்கு டெல்லி கணேஷின் வாழ்க்கையைவிட நல்ல பாடம் கிடைக்காது.

தமிழ்நாட்டின் வல்லநாட்டில் 1944-இல் பிறந்தவர் அவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் வேலை செய்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்துப் பழகினார். இயக்குநர் கே.பாலசந்தரின் ‘பட்டினப் பிரவேசம்’ படத்தில் அறிமுகமானபோது அவருக்கு முப்பது வயது கடந்துவிட்டது. அதன் பிறகு 400-க்கும் மேற்பட்ட படங்கள். 1981-இல் ‘எங்கம்மா மகாராணி’யில் கதாநாயகனாகவும் நடித்தார். ஆனால், மக்கள் மனத்தில் அவரை நிறுத்தியவை துணை வேடங்களே.

‘பசி’ (1979) படத்தைப் பாருங்கள். அதில் அவர் ரிக்ஷா ஓட்டும் ஏழைத் தகப்பன். அப்போது அவருக்கு வயது 35தான். மகளாக நடித்த ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்தது. இவருக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. பவுடர் பூசிய தலையால் வந்த பரிசு அல்ல அது.

‘நாயகன்’ (1987) படத்தில் வேலு நாயக்கர் தமிழில் பேசுவதை இந்தியில் எடுத்துச் சொல்லும் ஐயர் அவர். நாயக்கர் எவ்வளவு பெரிய ஆள் என்பதை ஐயர் முகத்தில் தெரியும் மரியாதையும் பயமும்தான் நமக்குச் சொல்கின்றன. 1989-இல் ‘அபூர்வ சகோதரர்கள்’ படத்தில் வில்லன்களில் ஒருவர். மறு ஆண்டே ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் பாலக்காட்டுத் தமிழ் பேசும் அப்பாவிச் சமையல்காரர். அந்த இரண்டு மனிதர்களுக்கும் பேச்சு வேறு, நடை வேறு, பார்வை வேறு. எதிரே நிற்பவரின் நடிப்புக்குப் பதில் கொடுப்பது, ஆனால் காட்சியைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ளாமல் இருப்பது: இதுதான் துணை நடிகரின் வித்தை.

நம் நாட்டுக்கு வருவோம். இயக்குநர் சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ படம் 2015-இல் வெளிவந்து, மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படத்துக்கான விருதைப் பெற்றது. அது அப்போய் என்ற சிறுவனின் கதை. ஆனால் கண்டிப்பான அப்பாவும், ஆளுக்கொரு பாதையில் போன சித்தப்பாக்களும் உண்மையாக இல்லாவிட்டால் அந்தச் சிறுவனின் தடுமாற்றம் நமக்குப் புரிந்திருக்குமா?

“நடிப்பு சோறு போடுமா?” என்று பெற்றோர் கேட்பார்கள். நியாயமான கேள்வி. டெல்லி கணேஷும் பத்தாண்டு சம்பள வேலையில் இருந்தவர்தான். எஸ்பிஎம், எஸ்டிபிஎம் தேர்வை ஓரங்கட்டிவிட்டு நடிக்கப் போங்கள் என்று நான் சொல்லவில்லை. படிப்பும் வேலையும் ஒரு பக்கம் இருக்க, இன்னொரு பக்கம் கலையைப் பழகலாம். முப்பது வயதுக்குப் பிறகும் கதவு திறக்கும்.

பள்ளித் தமிழ்மொழிக் கழகங்களும் பல்கலைக்கழகத் தமிழ் மன்றங்களும் மூன்று காரியங்களைச் செய்யலாம். நாடகப் போட்டிகளில் சிறந்த துணை நடிகருக்கும் நடிகைக்கும் தனிப் பரிசு வையுங்கள். குறும்படத்தில் அப்பா, தாத்தா வேடங்களுக்கு ஊர்ப் பெரியவர்களையே அழையுங்கள். தோட்டத்துப் பேச்சும் மலாய் கலந்த நம் தமிழும் அவர்கள் வாயில் தானாக வரும். அப்படி யாரும் கிடைக்காமல் நீங்களே நடிக்க நேர்ந்தால், ஒரு வாரம் அந்த வயதுக்காரர் ஒருவரைக் கவனியுங்கள். எப்படி உட்காருகிறார், காப்பிக் கடையில் கிண்ணத்தை எப்படிப் பிடிக்கிறார், கோபம் வந்தால் பேசுகிறாரா, பேசாமல் இருக்கிறாரா என்று பாருங்கள்.

டெல்லி கணேஷ் 2024 நவம்பர் 9-ஆம் நாள், 80-ஆவது வயதில் காலமானார். அவருடைய பெயர் தெரியாதவர்கள்கூட முகத்தைப் பார்த்ததும் ‘இவரா!’ என்றார்கள். எல்லா வீட்டிலும் பார்த்த ஒரு மனிதராக அவர் அவர்களுக்கு இருந்தார்.

அடுத்த முறை நண்பர்களோடு கதை பேச உட்காரும்போது, முதலில் அப்பா வேடத்துக்கு ஆளைத் தேடுங்கள். கதாநாயகன் எப்படியும் கிடைத்துவிடுவான்.