பாம்பில்லாத் தீவும் போப்பாண்டவரின் சாசனமும்

ஆண்டுதோறும் மார்ச் மாதம் 17-ஆம் தேதி அயர்லாந்து தேசத்தார் தங்கள் பாதுகாவலராகிய புனித பாட்ரிக்கின் திருநாளைக் கொண்டாடுகையில், அவர் அத்தீவில் இருந்த சர்ப்பங்களையெல்லாம் கடலுக்குள் விரட்டியடித்தார் என்ற ஐதீகம் தவறாமல் எடுத்துரைக்கப்படுகிறது. கேட்பதற்கு இனிய கதை. அதனால் எவருக்கும் தீங்கு விளைந்ததில்லை. ஆயினும் அக்கதை விரிவாக ஏட்டில் ஏறிய அதே பன்னிரண்டாம் நூற்றாண்டில், அதே தீவைக் குறித்து மற்றொரு செய்தியும் ஏட்டில் ஏறியது. ரோமாபுரியில் வீற்றிருந்த போப்பாண்டவர் அயர்லாந்தை இங்கிலாந்து மன்னனுக்கு உரிமையாக்கிச் சாசனம் அளித்தார் என்பதே அச்செய்தி. அதனால் விளைந்த தீங்கோ பல நூற்றாண்டுகள் நீடித்தது. முதற் கதையை விஞ்ஞானம் சோதித்து முடிவு சொல்லிவிட்டது. இரண்டாவதைத் திருச்சபை பெயர் சொல்லிக் கைவிட வேண்டும் என்பது என் கோரிக்கை.

பாம்புகளின் விஷயத்தைப் பூமியின் சரித்திரமே தெளிவாகச் சொல்கிறது. சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் அயர்லாந்து பெரும்பாலும் பனிப்பாளத்தின் கீழ்க் கிடந்தது. சூரிய வெப்பத்தைக் கொண்டே உடலைச் சூடேற்றிக்கொள்ள வேண்டிய ஊர்வன அங்கே பிழைத்திருக்க வழியே இல்லை. பனி உருகி, காடும் புதரும் மெல்ல மெல்ல வடதிசை நோக்கிப் படர, அவற்றைத் தொடர்ந்து பாம்புகளும் ஐரோப்பாவின் தென்பகுதியிலிருந்து தலைமுறை தலைமுறையாக வடக்கே நகர்ந்தன. அதற்குள் உயர்ந்து வந்த கடல் அயர்லாந்தை முதலில் துண்டித்துவிட்டது. பிரிட்டனோ சுமார் 8,000 ஆண்டுகளுக்கு முன்புவரை ஐரோப்பாக் கண்டத்தோடு தரைவழியாக ஒட்டியே இருந்தது. அந்த இடைவெளியில் பிரிட்டனை வந்தடைந்த பாம்பினங்கள் மூன்று. அயர்லாந்தை அடைந்தது ஒன்றுமில்லை. ஊர்வனவற்றுள் ஒரே ஒரு பல்லியினம் மட்டும் அங்கே சுதேசியாக வாழ்கிறது. அயர்லாந்தின் மண்ணில் பாம்பின் புதைபடிவம் எதுவும் இதுவரை அகப்படவில்லை.

பிரிட்டனுக்கு வந்து சேர்ந்த மூன்றினுள் நஞ்சுடையது ஒன்றே. அது ஒரு விரியன். முதுகு நெடுகக் கருமையாக வளைந்து வளைந்து ஓடும் கோட்டைக் கொண்டும், செந்நிறக் கண்ணில் செங்குத்தாக நிற்கும் பாவையைக் கொண்டும் அதனை எளிதில் அடையாளம் காணலாம். இரண்டடி நீளத்துக்குமேல் அரிதாகவே வளரும் இந்தச் சிற்றுயிர், ஸ்காண்டிநேவியாவில் ஆர்க்டிக் வட்டத்துக்கும் அப்பால் வாழ்கிறது; இவ்வளவு வடக்கே வாழும் பாம்பு உலகில் வேறில்லை. நம் நாட்டுக் கண்ணாடி விரியனைப் போலவே முட்டையிடாமல் குட்டி ஈனுவதால், குளிர்ந்த மண்ணில் முட்டை கெட்டுப்போகும் அபாயம் அதற்கு இல்லை. கருவுற்ற தாய் வெயில் படும் இடம் தேடித் தேடிக் கிடந்து, தன் உடற்சூட்டிலேயே கருவை வளர்க்கிறது. குளிர்கால உறக்கம் நீங்கி மார்ச் மாதத்தில் ஆண்கள் முதலில் வெளிவரும். பழுத்துக் காய்ந்த புதர்களின் மேல் உடலைத் தட்டையாக விரித்து வெயில் காய்ந்து, தோலுரித்த பின், பெண்ணின் பொருட்டு இரண்டு ஆண்கள் முன்னுடலை உயர்த்திப் பின்னிக்கொண்டு ஒன்றை ஒன்று தரையில் அழுத்த முயலும் காட்சியை அந்நாட்டு இயற்கையாளர் பொறுமையோடு காத்திருந்து காண்பர். கடிப்பது அப்போட்டியில் இல்லை. தோற்றது ஒதுங்கிப் போய்விடும்.

எஞ்சிய இரண்டும் நஞ்சற்றவை. கழுத்தில் மஞ்சள் வளையம் பூண்ட புல்பாம்பு, சாணக் குவியலிலும் மக்கிய குப்பையிலும் முட்டையிட்டு, அவற்றின் வெப்பத்தால் குஞ்சு பொரிக்கும். பிடிபட்டால் வாயைப் பிளந்து, நாக்கைத் தொங்கவிட்டுச் செத்ததுபோல் கிடக்கும். வழவழப்பான செதில்களையுடைய மூன்றாவது பாம்பு, பெரும்பாலும் டார்செட், ஹாம்ப்ஷயர், சர்ரே ஆகிய தென்புறப் பிரதேசங்களின் மணற்பாங்கான புதர்வெளிகளோடு நின்றுவிட்டது. மூன்றினும் அரியது அதுவே. விரியன் கடித்துப் பிரிட்டனில் மனிதர் கடைசியாக இறந்தது 1975-இல் என்று பதிவாகியிருக்கிறது. 1981-ஆம் ஆண்டின் வனவிலங்குச் சட்டம் இம்மூன்றுக்கும் பாதுகாப்பு அளித்தும், விரியனின் சிறு கூட்டங்கள் பல இடங்களில் குறைந்துகொண்டே வருகின்றன என்று கணக்கெடுப்புகள் கூறுகின்றன. பனியூழியைக் கடந்து வந்த ஒரு பிராணி, புதர்வெளிகள் துண்டு துண்டாக்கப்படுவதால் நம் காலத்தில் அழியுமாயின், அது பெருங்குற்றம்.

இனி அயர்லாந்தின் பாம்புக் கதைக்குத் திரும்புவோம். பாட்ரிக் ஐந்தாம் நூற்றாண்டினர். அயர்லாந்தில் பாம்பு இல்லை என்ற செய்தியோ, அவருக்கு முந்திய ரோமானிய ஆசிரியர் சொலைனஸ் எழுதிய நூலிலேயே காணப்படுகிறது. பாட்ரிக் தம் கைப்பட எழுதிய வாக்குமூலத்தில் சர்ப்பத்தைப் பற்றிய பிரஸ்தாபமே கிடையாது. 731-ஆம் ஆண்டளவில் தம் திருச்சபை வரலாற்றை முடித்த பீட் என்னும் துறவி, பிரிட்டனிலிருந்து கப்பலில் கொண்டுபோகப்படும் பாம்புகள் அயர்லாந்தின் காற்றை முகர்ந்த அளவிலேயே இறந்துவிடும் என்றும், அந்நாட்டு ஏடுகளைச் சுரண்டிய தூளை நீரில் கலந்து பருகினால் விஷம் இறங்கும் என்றும் எழுதினாரேயன்றி, அவரும் பாட்ரிக்கின் பெயரை அதனோடு இணைக்கவில்லை. புனிதர் பாம்பை விரட்டிய வரலாற்றை விரிவாகச் சொன்னவர், பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் பாட்ரிக்கின் சரித்திரத்தை எழுதிய பர்னெஸ் மடத்து ஜாஸ்லின்.

அக்காலத்திலேயே அதைச் சந்தேகித்தவர் ஒருவர் இருந்தார். அவர்தாம் வேல்ஸ் நாட்டு ஜெரால்டு. 1185-இல் இளவரசர் ஜானுடன் அயர்லாந்து சென்று திரும்பி, அத்தீவின் தன்மையை வருணித்து நூல் செய்த அவர், புனிதர்கள் நச்சுயிர்களை ஒழித்தனர் என்பது கற்பனை என்றும், விசுவாசம் அங்கே வேரூன்றுவதற்கு நெடுங்காலம் முன்பே அத்தீவு இயல்பாகவே அவை இல்லாததாயிருந்தது என்று கொள்வதே பொருத்தம் என்றும் எழுதினார். கருவிகளும் சாஸ்திரங்களும் இல்லாத காலத்தில் பிறந்த அந்தத் தீர்ப்பு, இன்றைய பூமி சாஸ்திரத்தின் தீர்ப்போடு ஒத்திருப்பது மிகவும் போற்றத்தக்கது. அதே நூலில் அவர் ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறார். வாட்டர்போர்டு நகருக்கு அருகே புல்வெளியில் அகப்பட்ட ஒரு தவளையை, ராபர்ட் லெ போயர் என்ற நார்மானிய அதிகாரியின் சபைக்கு உயிரோடு கொண்டுவருகிறார்கள். ஆங்கிலேயரும் ஐரிஷ் மக்களும் வியந்து சூழ்ந்து நிற்க, ஆஸொரி நாட்டு அரசர் டொனால் மட்டும் தலையில் அடித்துக்கொண்டு, இந்தப் பிராணி அயர்லாந்துக்கு மிகக் கொடிய செய்தியைக் கொண்டுவந்திருக்கிறது, ஆங்கிலேயர் வருகைக்கும் தம் குலத்தின் வீழ்ச்சிக்கும் இது அறிகுறி என்று வருந்துகிறார்.

இவ்வளவு நுண்ணறிவு படைத்த ஜெரால்டு, சில ஆண்டுகளுக்குள் அயர்லாந்துப் படையெடுப்பைப் பற்றி எழுதிய மற்றொரு நூலில், போப் நான்காம் அட்ரியனின் சாசனத்தை எந்த விசாரணையுமின்றிச் சேர்த்து வைத்தார். படையெடுத்துச் சென்ற தளபதிகளில் பலர் அவருடைய உறவினர் என்பதை வாசகர் மறக்கலாகாது. அட்ரியன், இங்கிலாந்தில் செயின்ட் ஆல்பன்ஸ் அருகே பிறந்த நிக்கோலஸ் பிரேக்ஸ்பியர். பிரான்சில் துறவியாகி, மடத்துத் தலைவராகி, கர்தினாலாகி, நார்வேக்கும் ஸ்வீடனுக்கும் தூதராகச் சென்று அங்கே சபையைச் சீர்ப்படுத்தித் திரும்பியவர். 1154 டிசம்பரில் போப்பாண்டவரானார். போப்பாண்டவர்களின் நெடிய வரிசையில் ஆங்கிலேயர் அவர் ஒருவரே. அதே மாதத்தில் இங்கிலாந்தில் இரண்டாம் ஹென்றி முடிசூடினான். சமயத்தைச் சீர்திருத்துவதற்காக அம்மன்னன் அயர்லாந்தினுள் செல்லலாம், ஆனால் வீட்டுக்கு ஒரு பென்னி வீதம் ஆண்டுதோறும் இராயப்பருக்கு, அதாவது புனித பேதுருவுக்கு, காணிக்கை செலுத்த வேண்டும் என்பதே அச்சாசனத்தின் சாரம். தூதராகச் சென்ற சாலிஸ்பரி ஜான், தம் சொந்த முயற்சியால் அந்த அனுமதி கிடைத்தது என்றும், மரகதம் பதித்த பொன் மோதிரம் ஒன்றைப் போப்பாண்டவர் மன்னனுக்குத் தம்மிடம் கொடுத்தனுப்பினார் என்றும் எழுதியிருக்கிறார். மூல ஏடு இன்று இல்லை. ஜெரால்டு தந்த வாசகத்தில் திருத்தம் புகுந்திருக்கலாம் என்று கருதும் சரித்திர ஆசிரியர்களும் உண்டு.

இங்கே ஆழ்ந்து நோக்க வேண்டியது, அந்த அனுமதிக்கு ஜான் காட்டும் ஆதாரம். தீவுகள் யாவும் கான்ஸ்டன்டைன் சக்கரவர்த்தி அளித்த தானத்தால் ரோமத் திருச்சபைக்கு உரியவை என்கிறார் அவர். சக்கரவர்த்தி கான்ஸ்டன்டைன் தம் மேற்றிசை ராஜ்யத்தைப் போப் சில்வெஸ்டருக்கு ஒப்படைத்தார் என்று சொல்லும் அந்தத் தானப் பத்திரம், எட்டாம் நூற்றாண்டளவில் புனையப்பட்டது; அது போலி ஏடு என்று 1440-இல் லொரென்சோ வல்லா என்ற இத்தாலிய அறிஞர் நிறுவிவிட்டார். அது மெய்யென்றே வைத்துக்கொண்டாலும், அயர்லாந்து ஒருகாலும் ரோம சாம்ராஜ்யத்தில் அடங்கியதில்லை. கான்ஸ்டன்டைன் ஆண்டிராத நிலத்தைக் கான்ஸ்டன்டைன் எவ்வாறு தானம் செய்ய இயலும்? அந்தப் போலிப் பத்திரம் எந்தக் கதையின் மேல் எழுப்பப்பட்டதோ, அதே சில்வெஸ்டர் சரித்திரத்தில்தான், ரோமாபுரியில் பாதாளத்திலிருந்து நச்சு மூச்சால் மக்களை மாய்த்த பெருஞ்சர்ப்பத்தை அப்போப்பாண்டவர் கட்டிப்போட்டார் என்ற வரலாறும் வருகிறது. ஒரே ஊற்றிலிருந்து ஒரு பாம்புக் கதையும் ஒரு நில உரிமையும் புறப்பட்டிருக்கின்றன. முன்னதை ஜெரால்டைப் போன்ற அறிஞர்கள் அக்காலத்திலேயே ஐயுற்றிருப்பர், பின்னதை ஐயுறுவதற்கு அவர்களுக்கு மனம் வரவில்லை. பாம்பின்மேல் எவருக்கும் லாபம் இல்லை. நிலத்தின்மேல் லாபம் இருந்தது.

1171-இல் ஹென்றி படையோடு வந்து இறங்கினான். அட்ரியனுக்குப் பின் வந்த மூன்றாம் அலெக்சாந்தர் அவனுடைய ஆதிக்கத்தை ஆதரித்துக் கடிதங்கள் எழுதினார். 1317-இல் டோனல் ஓ நீல் என்னும் ஐரிஷ் அரசர், தம் நாட்டுப் பிரபுக்களோடு சேர்ந்து, போப் இருபத்திரண்டாம் ஜானுக்கு ஒரு விண்ணப்பம் அனுப்பினார். ஆங்கிலேயராகப் பிறந்த அட்ரியன் தம் நாட்டை முறையின்றி அளித்துவிட்டார், அளித்த நிபந்தனைகளைக்கூட மன்னர்கள் மதிக்கவில்லை, ஐரிஷ்காரனைக் கொல்வது நாயைக் கொல்வதினும் பெரிய பாவமன்று என்று சொல்லும் துறவிகளும் தம் நாட்டில் நடமாடுகின்றனர் என்று அவர் முறையிட்டார். அவ்விண்ணப்பத்தைப் படிப்பவர் எவரும் அதன் வேதனையிலிருந்து எளிதில் மீள முடியாது. போப்பாண்டவரோ சாசனத்தின் பிரதியை ஆங்கில மன்னனுக்கு அனுப்பி, நல்லாட்சி செய்யுமாறு புத்திமதி கூறினார். பின்னர் எட்டாம் ஹென்றி ரோமத்தோடு முறித்துக்கொண்டதும், அயர்லாந்தின் உண்மையான அதிபதி போப்பாண்டவரே என்ற எண்ணத்தை ஒழிக்கும் பொருட்டு, 1541-இல் டப்ளின் பாராளுமன்றத்தைக் கொண்டு தன்னை அந்நாட்டு அரசனாக அறிவித்துக்கொண்டான். தேவைப்பட்ட காலத்தில் சாசனத்தைக் காட்டியவர்கள், தேவை தீர்ந்ததும் அதை வீசியெறிந்தார்கள். ஆட்சியை மட்டும் விடவில்லை.

அந்த முன்மாதிரி அயர்லாந்தோடு நிற்கவில்லை. 1455-இல் போர்த்துகலுக்கும் 1493-இல் ஸ்பெயினுக்கும் போப்பாண்டவர்கள் எழுதிக்கொடுத்த சாசனங்களின் வழியே உலகத்தின் கடல்கள் பங்கிடப்பட்டன. 1606-இல் மயிலாப்பூரில் சாந்தோம் மேற்றிராசனம் ஏற்பட்டபோது, அதற்கு ஆயரை முன்மொழியும் உரிமை போர்த்துகல் அரசனிடம் இருந்தது இவ்வகை அதிகாரத்தின் தொடர்ச்சியேயாகும். 2023 மார்ச் 30-ஆம் தேதி வத்திக்கான் ஓர் அறிக்கை வெளியிட்டு, பிறர் நிலத்தைக் கண்டுபிடித்தவனுக்கே உரிமை என்ற கோட்பாட்டை மறுதலித்து, 1452, 1455, 1493-ஆம் ஆண்டுகளின் சாசனங்களைப் பெயர் குறித்துச் சொல்லி, அவை கத்தோலிக்க விசுவாசத்தின் வெளிப்பாடாக என்றும் கருதப்பட்டதில்லை என்று அறிவித்தது. காலம் தாழ்ந்ததாயினும் அது மனத்தூய்மையான செயல், மனமார வரவேற்கிறேன். ஆனால் அம்மூன்றுக்கும் மூன்று நூற்றாண்டு முந்தியதும், அவற்றின் வித்தாக இருந்ததுமான அயர்லாந்துச் சாசனம் அங்கே பெயரளவிலும் இடம்பெறவில்லை. போலிப் பத்திரத்தை ஆதாரமாகக் கொண்டு ஒரு ஜனசமூகத்தின் நாடு பிறருக்கு அளிக்கப்பட்டது என்ற உண்மையை அந்த அறிக்கையோடு சேர்த்து, அட்ரியனின் சாசனத்துக்குத் தர்ம பலம் எக்காலத்தும் இருந்ததில்லை என்று வத்திக்கான் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 1317-இல் ஓ நீல் அனுப்பிய விண்ணப்பத்துக்கு உரிய மறுமொழி அதுவே.