பழம் இல்லாத பழ டோநட்

— பதினோராம் வகுப்பு மாணவியர்

"அக்கா, இதில் பழம் எங்கே இருக்கிறது?"

சென்ற ஆண்டு பள்ளி விழாவின்போது நாங்கள் நடத்திய சிறு கடையின் முன் நின்று இக்கேள்வியைக் கேட்டவள் மூன்றாம் வகுப்புச் சிறுமி. கடையின் நெற்றியில் நாங்கள் பலகை ஒன்று எழுதி வைத்திருந்தோம். "சுவைமிகு பழ டோநட்! ஸ்டிராபெரி! மாம்பழம்! வாழைப்பழம்!" என்று மூன்று வண்ணங்களில் எழுதிய பலகை அது. சிறுமி சிவப்பு டோநட்டைச் சுற்றிச் சுற்றிக் கடித்தாள். உள்ளே உற்றுப் பார்த்தாள். பிறகுதான் அப்படிக் கேட்டாள். எங்களிடம் விடை இல்லை. "வாசனை வருகிறதே, சாப்பிடு கண்ணு" என்று சொல்லி அனுப்பிவிட்டோம். போகும்போது அவள் நாக்கை நீட்டித் தன் தோழிக்குக் காட்டினாள். நாக்கு செக்கச் செவேலென்று இருந்தது.

எளிய மாணவியருக்கு நோட்டுப் புத்தகம் வாங்கித் தருவதற்காகவே அக்கடையை வைத்தோம். அரை மணி நேரத்தில் அனைத்தும் விற்றுத் தீர்ந்தன. உண்டியல் நிறைந்தது. பாராட்டும் கிடைத்தது. ஆயினும் அந்தச் சிறுமியின் கேள்வி எங்களோடு வீடு வரை வந்தது. ஏனெனில் உண்மை இதுதான்: மைதா, சர்க்கரை, ஈஸ்ட், மூன்று பாட்டில் எசென்ஸ், இரண்டு பாட்டில் கலர். இவையே எங்கள் 'பழ' டோநட். பெயருக்குக்கூட ஒரு பழத்தை நாங்கள் உரிக்கவில்லை. நல்ல காரியத்துக்காக என்றாலும், இல்லாததை இருப்பதாக எழுதி விற்றோம். அதை ஒப்புக்கொள்வதற்கும், அதன் பிறகு நாங்கள் கற்றுக்கொண்டதைக் கூறுவதற்குமே இக்கட்டுரை.

எங்கள் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். பழத்தின் பெயரைச் சொல்லிச் செய்யும் பண்டத்தில் பழம் இருக்க வேண்டும். அதை வீட்டில் செய்வது கடினமும் அன்று, ஆடம்பரமும் அன்று.

விழாவன்று மாலை எங்களுள் ஒருத்தி, மிஞ்சிய சிவப்பு டோநட் ஒன்றைத் தன் தந்தைக்கு எடுத்துச் சென்றாள். அவர் தினமும் காட்பாடியில் ரயிலேறி, ஆம்பூர்ப் பக்கம் ஒரு தோல் கம்பெனியில் சாயப் பிரிவில் வேலை பார்ப்பவர். அதைக் கையில் வாங்கியவர் சிறிது நேரம் திருப்பிப் பார்த்தார். "இந்த மாதிரிச் சிவப்பை நான் தோலில்தான் பார்த்திருக்கிறேன் அம்மா. வாயில் போட மனசு வரவில்லை" என்று வைத்துவிட்டார். அவர் கோபித்துச் சொல்லவில்லை. அதனாலேயே அச்சொல் எங்களைத் தைத்தது.

சாயம் என்றால் என்னவென்று நம் ஊரார்க்குப் பிறர் சொல்லித் தர வேண்டியதில்லை. இராணிப்பேட்டையிலிருந்து வாணியம்பாடி வரை எத்தனை குடும்பங்கள் தோலை நம்பி வாழ்கின்றன! தோலுக்கும் துணிக்கும் நிறமூட்டும் சாயங்களுள் ஒன்று மெட்டானில் மஞ்சள். அது உணவில் தடை செய்யப்பட்டது. இருந்தும் மஞ்சள் தூளிலும் இனிப்புகளிலும் அது கலக்கப்பட்டுப் பலமுறை பிடிபட்டிருக்கிறது. ரோடமின்-பி என்பது மற்றொரு தொழிற்சாலைச் சாயம். 2024 பிப்ரவரியில் பஞ்சு மிட்டாயைச் சோதனை செய்தபோது அதில் இச்சாயம் இருப்பது தெரியவந்து, தமிழக அரசு அம்மிட்டாயின் விற்பனைக்குத் தடை விதித்ததை நாம் அனைவரும் செய்தித்தாளில் படித்தோம்.

நாங்கள் வாங்கிய கலர் அத்தகையது அன்று, உணவுக்கென்று விற்கப்படுவதே. நம் நாட்டில் உணவில் சேர்க்க அனுமதி பெற்ற செயற்கை நிறங்கள் எட்டு மட்டுமே உள்ளன. அவற்றையும் எல்லாப் பண்டங்களிலும் சேர்த்துவிட முடியாது. சேர்க்கத் தகுந்தவற்றிலும் பொதுவாக ஒரு கிலோவுக்கு 100 மில்லிகிராம் என்பதே வரம்பு. நாங்கள் எவ்வாறு அளந்தோம்? பாட்டில் மூடியால்! நிறம் போதவில்லை என்று ஒருத்தி சொல்ல, இன்னொருத்தி மேலும் அரை மூடி ஊற்றினாள். 100 மில்லிகிராமை எந்த வீட்டு அடுக்களையில் அளக்க முடியும்? சட்டம் அனுமதித்த பொருளையும் சட்டத்தை மீறிப் பயன்படுத்துவது எவ்வளவு எளிது என்பதை அப்போது நாங்கள் எண்ணிப் பார்க்கவில்லை.

எசென்ஸ் பற்றியும் ஒரு சொல். வாழைப்பழ மணத்திற்கு முதன்மையான காரணம் ஐசோஅமைல் அசிட்டேட் என்னும் பொருள். வேதியியல் ஆய்வுக்கூடத்தில் எஸ்டர்களைப் பற்றிப் படிக்கும் அக்காமார் இதை அறிவர். பழம் தானாகவே இதனை உண்டாக்குகிறது, தொழிற்சாலையிலும் செய்யலாம். உணவில் மிகச் சிறிதளவு சேர்ப்பதால் தீங்கு என்று நாங்கள் கூற வரவில்லை. ஆனால் வாழைப்பழம் என்பது ஒரே ஒரு மணம் மட்டும்தானா? அதில் நார் உண்டு, இனிப்பு உண்டு, சிறு புளிப்பு உண்டு, பொட்டாசியம் என்னும் சத்து உண்டு. பாட்டிலில் இருப்பது பழத்தின் குரல் மட்டுமே, பழம் அன்று.

"டோநட் வெளிநாட்டுப் பண்டம், அதில் நமக்கு என்ன வேலை?" என்று கேட்பவர்கள் உண்டு. வெளிநாட்டில் அது எப்படிப் பிறந்தது என்று பார்ப்போமே. முட்டை, வெண்ணெய், கொழுப்பு முதலியவற்றைத் தவக்காலம் முழுவதும் விலக்கி வந்த பழங்காலத்தில், ஐரோப்பியக் குடும்பங்கள் வீட்டில் இருந்த அப்பொருள்களை வீணாக்காமல் தவக்காலம் தொடங்குமுன் பலகாரமாகப் பொரித்து உண்டன. போலந்து நாட்டில் திருநீற்றுப் புதனுக்கு முந்திய வியாழனன்று 'போன்ச்கி' என்னும் உருண்டை டோநட்டை இன்றும் வீடுதோறும் உண்கிறார்கள். அதனுள் இருப்பது பிளம் பழப் பாகு, அல்லது ரோஜா இதழ்ப் பாகு. 1917-இல் முதல் உலகப் போரின்போது பிரான்சு நாட்டுப் போர்முனையில் ஹெலன் பர்வியன்ஸ், மார்கரெட் ஷெல்டன் என்னும் இரட்சணிய சேனைப் பெண்மணிகள் இருவர், கைவசம் இருந்த மாவையும் கொழுப்பையும் சர்க்கரையையும் கொண்டு படைவீரர்களுக்கு டோநட் சுட்டுக் கொடுத்தார்கள். இருப்பதைக் கொண்டு செய்வதே இப்பண்டத்தின் வரலாறு. இல்லாததை இருப்பதாகக் காட்டுவது அதன் வரலாறு அன்று.

அவ்வளவு தூரம் போவானேன்? நம் பக்கத்து ஆற்காட்டின் மக்கன் பேடாவை எடுத்துக்கொள்வோம். கோவாவும் மைதாவும் பிசைந்து, நடுவில் பருப்பும் உலர்பழமும் வைத்து, பொரித்துப் பாகில் ஊறவைக்கும் பண்டம் அது. கடித்தால் உள்ளே பருப்பு தட்டுப்படுகிறது. சொன்னது இருக்கிறது! மங்களூரில் கனிந்த வாழைப்பழத்தை மைதாவோடு பிசைந்து பூரி போல் பொரிக்கும் 'பன்ஸ்' புகழ்பெற்றது. கேரளத்தின் உண்ணியப்பத்திலும் வாழைப்பழம் சேர்கிறது. எங்களுள் ஒருத்தியின் ஆயா, கறுத்துப்போன பூவன் பழத்தை ஒருநாளும் எறிந்ததில்லை. கோதுமை மாவும் வெல்லமும் ஏலக்காயும் சேர்த்து அப்பமாகச் சுட்டுவிடுவார்கள். "பழ டோநட்டா? அதைத்தானே அறுபது வருஷமாகச் சுடுகிறேன், ஓட்டை மட்டும் போடவில்லை!" என்று அவர்கள் கேட்டபோது எங்களுக்கு வெட்கமும் சிரிப்பும் ஒன்றாக வந்தன.

அந்த ஆயாவையே ஆசிரியையாகக் கொண்டு கோடை விடுமுறையில் பழகினோம். முறை இதுதான். நன்கு கனிந்த இரண்டு வாழைப்பழங்களைக் கட்டியின்றி மசித்து, கால் கப் சர்க்கரை, இரண்டு மேசைக்கரண்டி தயிர், சிட்டிகை உப்பு, கால் தேக்கரண்டி சமையல் சோடா, பொடித்த ஏலக்காய் சேர்க்க வேண்டும். இதில் கோதுமை மாவும் மைதாவும் சமமாகக் கலந்து, கையில் லேசாக ஒட்டும் பதம் வரும்வரை சேர்த்துப் பிசைய வேண்டும். சுமார் இரண்டு கப் பிடிக்கும். தண்ணீர் வேண்டியதில்லை, பழத்தின் ஈரமே போதும். மூடி மூன்று நான்கு மணி நேரம் வைத்தால், தயிரின் புளிப்போடு சோடா சேர்ந்து சிறு காற்றுக் குமிழிகள் உண்டாகி மாவு இளகும். பிறகு அரை அங்குலக் கனத்தில் தேய்த்து, டம்ளரால் வட்டமாக வெட்டி, பாட்டில் மூடியால் நடுவில் துளையிட வேண்டும். துளை அழகுக்கு மட்டும் அன்று. நடுப்பகுதி வேகாமல் நின்றுவிடாதிருக்கவும்தான்.

தீ மிதமாக இருக்க வேண்டும். முதல் நாள் எங்கள் டோநட் அனைத்தும் வெளியே கருகி உள்ளே பச்சையாக இருந்தன. பழத்தில் உள்ள இனிப்பு விரைவில் சிவந்துவிடும் என்பதை அறியாமல், பூரிக்கு வைப்பது போல எண்ணெயைக் காய வைத்துவிட்டோம். சிறு உருண்டை மாவைப் போட்டால் அது நிதானமாக மேலே எழும்ப வேண்டும். உடனே சிவந்தால் சூடு அதிகம் என்று பொருள். பெரியவர்கள் அருகில் இல்லாமல் இளைய மாணவியர் எண்ணெய்ச் சட்டி பக்கம் போகலாகாது. இதை அன்போடும் கண்டிப்போடும் கூறுகிறோம்.

பிற பழங்களுக்கும் தனித்தனிக் குணம் உண்டு. சித்தூர்ப் பக்கத்திலிருந்து வரும் மாம்பழத்தின் சாற்றில் நீர் மிகுதி. அடுப்பில் வைத்துக் கிளறிச் சுண்டவைத்த பிறகே மாவில் சேர்க்க வேண்டும். ஏலகிரிப் பலாச்சுளையை நார் போகப் பொடியாக நறுக்க வேண்டும். அன்னாசியைப் பச்சையாகச் சேர்க்கலாகாது; அதிலுள்ள புரோமலின் என்னும் நொதி மாவின் புரதத்தைச் சிதைத்துவிடும். கொதிக்கவைத்தால் அந்நொதி செயலற்றுப் போகும். கமலா ஆரஞ்சின் மணமோ சுளையைவிடத் தோலில்தான் அதிகம். தோலின் மேற்பகுதியை மட்டும் துருவிச் சேர்த்தால் போதும். உள்ளிருக்கும் வெள்ளைப் பகுதி கசக்கும். எசென்ஸ் பாட்டில் இவற்றில் எதையும் எங்களுக்குக் கற்றுத் தந்ததில்லை!

மறுப்புகளையும் எண்ணிப் பார்த்தோம். "பழம் விலை அதிகம்" என்பர். நன்றாகக் கனிந்து கறுத்த பழத்தைக் கடைக்காரர் குறைந்த விலைக்கே கொடுக்கிறார். டோநட்டுக்கு அதுவே சிறந்தது. "நிறம் வராதே" என்பர். உண்மைதான். வாழைப்பழ டோநட் பழுப்பாகத்தான் இருக்கும். அது அதன் நிறம். "எண்ணெய்ப் பண்டம் உடம்புக்கு ஆகுமா?" என்பர். தினமும் ஆகாது, விழா நாளில் ஒன்றிரண்டு போதும். பொரித்த எண்ணெயை மீண்டும் மீண்டும் காய்ச்சுவதுதான் பெருங்கேடு. அதனால் எண்ணெயில் சேரும் கேடான பொருள்கள் 25 சதவீதத்தைத் தாண்டினால் அந்த எண்ணெயைப் பயன்படுத்தலாகாது என்று 2018 ஜூலை முதல் நம் நாட்டில் விதியே உண்டு. வீட்டில் அதை அளக்கும் கருவி இல்லை. ஆகவே சிறிய சட்டியில் கொஞ்சமாக எண்ணெய் விட்டு, மிஞ்சியதை வடிகட்டி, விரைவில் தாளிப்புக்குப் பயன்படுத்தித் தீர்த்துவிடுவதே நன்று.

பெற்றோருக்கு ஒரு வேண்டுகோள். இது பெண் பிள்ளைகளுக்கு மட்டும் உரிய வேலை என்று எண்ணிவிடாதீர்கள். எங்கள் பயிற்சியில் மிக வட்டமாக வெட்டியவன் ஒருத்தியின் தம்பிதான். உண்பதில் பங்கு கேட்பவர் பிசைவதிலும் பாத்திரம் தேய்ப்பதிலும் பங்கு பெறட்டும்.

இவ்வாண்டு விழாவில் மறுபடியும் கடை வைத்தோம். பலகையில் ஒரே வரி: "வாழைப்பழ டோநட். உள்ளே பழம் இருக்கிறது." சிவப்பும் இல்லை, பச்சையும் இல்லை. விற்பனை மெதுவாகத்தான் நடந்தது. உண்டியலில் சென்ற ஆண்டைவிடக் குறைவாகவே சேர்ந்தது. அதை மறைக்க விரும்பவில்லை. ஆனால் இப்போது நான்காம் வகுப்பில் படிக்கும் அதே சிறுமி வந்தாள். கடித்தாள். உள்ளே உற்றுப் பார்த்தாள். பழத்தின் சிறு கறுப்புப் புள்ளிகளைக் கண்டு, "இதோ இருக்கிறது!" என்றாள்.

அந்த ஒரு சொல்லுக்கு முன் நிறைந்த உண்டியல் எங்களுக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. அன்புத் தோழியரே! பண்டம் எளியதாயினும், சொன்னது அதில் இருக்கட்டும். அடுக்களையில் தொடங்கும் இப்பழக்கம் நாளை நாம் அமரப்போகும் அலுவலகத்திலும் கடையிலும் வகுப்பறையிலும் நம்மோடு வரட்டும்.