படத்தில் தோன்றியவரின் உரிமை

கதைப்படத்தில் நடிகர் நடிக்கிறார். உற்றுநோக்கும் ஆவணப்படத்திலோ ஒருவர் தம் அன்றாட வாழ்வை வாழ்கிறார். படக்கருவி ஓரமாக நின்று அதனைப் பதிவு செய்கிறது. இத்தகைய படம் புகழ்பெறும்போது இயக்குநரின் திறமையை அனைவரும் போற்றுவர். தம் வாழ்வைத் திறந்து காட்டிய எளிய மனிதருக்கு உரியது யாது என்பதைச் சிலரே எண்ணுவர்.

இதற்குத் தக்க சான்று, 'தி எலிபெண்ட் விஸ்பரர்ஸ்' என்னும் தமிழ் ஆவணப்படம். கேரளத்தின் வயநாட்டை அடுத்துள்ள முதுமலையில், தெப்பக்காடு யானைகள் முகாமில் இது எடுக்கப்பட்டது. தாயை இழந்த ரகு, அம்மு என்னும் யானைக்குட்டிகளையும், அவற்றை வளர்த்த பொம்மன், பெள்ளி இணையரையும் இயக்குநர் கார்த்திகி கொன்சால்வெஸ் ஏறத்தாழ ஐந்து ஆண்டுகள் பின்தொடர்ந்தார். அவ்வுழைப்பு நாற்பது நிமிடப் படமாயிற்று. 2023 மார்ச்சில் சிறந்த ஆவணக் குறும்படத்திற்கான ஆஸ்கர் விருதினைப் பெற்றது.

அப்படத்தில் அறிவிப்பாளரின் குரல் இல்லை. இணையரின் குரலே கதையை நடத்திச் செல்கிறது. முதற் கணவரைப் புலிக்குப் பறிகொடுத்த துயரத்தைப் பெள்ளி கூறுகிறார். அதனை ஒரு நடிகை கூறினால் வசனம். படப்பிடிப்பு முடிந்ததும் அவர் அதனை மறந்துவிடலாம். பெள்ளிக்கு அது வாழ்வு. படக்குழு ஊர் திரும்பிய பின்னும் அத்துயரம் அவருடனேயே இருக்கும். இப்போது அதனை உலகமும் அறியும்.

புகழே போதிய கைம்மாறு என்பர் சிலர். புகழால் நன்மை விளைந்ததும் உண்மையே. தமிழ்நாடு அரசு இருவருக்கும் பரிசுத்தொகை வழங்கியது. பாகனுக்குத் துணைநின்று யானையைப் பேணும் பணியாளர் 'காவடி' எனப்படுவார்; அப்பணியில் பெள்ளி 2023 ஆகஸ்டில் நிரந்தரமாக அமர்த்தப்பட்டார். எனினும் அதே மாதத்தில், தங்களுக்கு உரிய தொகை வந்து சேரவில்லை என்று இணையர் கூறியதாகச் செய்திகள் வெளிவந்தன. படத்தரப்பினர் அதனை மறுத்தனர். எவர் கூற்று சரி என்பதை முடிவு செய்வது இப்பாடத்தின் வேலையன்று. ஆனால் 'புகழ் போதும்' என்னும் வாதம் நிறைவானதன்று என்பது இதனால் விளங்கும்.

இச்சிக்கல் புதியதன்று. 1922இல் ராபர்ட் ஃபிளாஹெர்டி, கனடாவின் வடபகுதியில் வாழும் இனூயிட் மக்களைப் பற்றி 'நானூக் ஆஃப் த நார்த்' என்னும் படத்தை வெளியிட்டார். துப்பாக்கி வழக்கிற்கு வந்துவிட்ட காலத்தில், பழைய முறையில் ஈட்டி கொண்டு வேட்டையாடுமாறு அம்மக்களிடம் கேட்டுக்கொண்டார். வெளிச்சம் வேண்டிப் பாதி திறந்த பனிவீடும் கட்டப்பட்டது. படத்தின் நாயகருடைய இயற்பெயர் அல்லகரியல்லாக். உலகம் அறிந்ததோ நானூக் என்னும் பெயரை மட்டுமே. பொம்மனும் பெள்ளியும் தம் சொந்தப் பெயரிலும் சொந்தக் குரலிலும் தோன்றியது, நூறாண்டுகளில் ஆவணப்படம் அடைந்த வளர்ச்சியைக் காட்டும். அவ்வளர்ச்சி இன்னும் சில படிகள் ஏற வேண்டும்.

முதலாவது, படம் எதற்காக, எங்குக் காட்டப்படும் என்பதைத் தோன்றுபவரின் தாய்மொழியில் விளக்கி இசைவு பெற வேண்டும். இரண்டாவது, பணம் பற்றிய பேச்சு படப்பிடிப்புக்கு முன்பே எழுத்தில் அமைய வேண்டும். மூன்றாவது, முடிந்த படத்தை முதலில் அவருக்கே காட்டி, 'இப்பகுதி வேண்டா' என்று அவர் கூறினால் கேட்க வேண்டும்.

இவை பெரிய இயக்குநர்களுக்கு மட்டும் உரியவை அல்ல. இன்று கைப்பேசி உள்ள ஒவ்வொருவரும் படம் எடுப்பவரே. மூணாற்றுத் தேயிலைச் சரிவுகளில் கொழுந்து பறிக்கும் தமிழ்ப் பெண்களைச் சுற்றுலாப் பயணிகள் வண்டியை நிறுத்திப் படமெடுத்துச் செல்கின்றனர். அவர்கள் பெயரைக் கேட்போர் அரியர். அப்பெண்களுள் ஒருவர் இவ்வகுப்பில் பயிலும் ஒரு மாணவரின் தாயாகவோ பாட்டியாகவோ இருக்கக்கூடும். மலையின் அழகுக்கு அவர் அணிகலன் அல்லர். அம்மலையில் உழைத்து வாழ்பவர். கொழிஞ்சாம்பாறை வயல்களில் வேலை செய்வோருக்கும் இது பொருந்தும்.

ஆகவே, பள்ளிச் செயல்திட்டத்திற்காகப் படமெடுக்கச் செல்லும் மாணவர், கருவியை உயர்த்துமுன் பெயரைக் கேட்க வேண்டும். இசைவைக் கேட்க வேண்டும். எடுத்ததைக் காட்ட வேண்டும். ஒருவர் 'வேண்டா' என்றால் கருவியைத் தாழ்த்துவதே பண்பு.

சிந்தித்து எழுதுக

1. 'புகழே போதிய கைம்மாறு' என்னும் கருத்தை நீவிர் ஏற்கின்றீரா? காரணம் கூறுக.
2. உம் வீட்டில் உழைக்கும் ஒருவரைப் பற்றி ஆவணப்படம் எடுப்பதாயின், அவரிடம் முதலில் கேட்க வேண்டிய மூன்று வினாக்களை எழுதுக.