பழைய தகட்டுக்குப் புதிய வீட்டில் இடம் உண்டா?



கிறிஸ்துமஸ் நெருங்கும் வாரங்களில் விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் நம் இல்லங்களுக்குச் செல்லும்போது பெற்றோர் கேட்கும் கேள்விகளில் ஒன்று இப்பொழுது அடிக்கடி காதில் விழுகிறது. "ஐயா, பையன் புதிய பிளேஸ்டேஷன் கேட்கிறான். வீட்டில் பழையது ஒன்று இருக்கிறது, அலமாரி நிறைய சிடிகளும் இருக்கின்றன. அவை புதியதில் ஓடுமா?" போதகரிடம் கேட்கவேண்டிய கேள்வியா இது என்று சிலர் புன்னகைக்கலாம். ஒரு குடும்பம் ஆண்டுக்கணக்கில் சிறுகச் சிறுகச் செலவிட்ட பணமும், பிள்ளைகள் தங்களுடையது என்று எண்ணிப் பேணிய பொருளும் இதில் அடங்கியிருப்பதால், இதைக் கருத்தாய் நோக்குவது தகும் என்று நான் எண்ணுகிறேன். பிள்ளைகள் விளையாடலாமா, எவ்வளவு நேரம் விளையாடலாம் என்பதை இன்னொரு வாரத்திற்கு ஒதுக்கிவைப்போம்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். புதிய இயந்திரத்தை விற்கிறவர் பழைய தகடுகளையும் அதில் ஓடச் செய்வது வாங்கியவருக்குச் செலுத்தவேண்டிய கடமை. அதைச் சலுகையாக எண்ணலாகாது. அந்தக் கடமையை நிறைவேற்றுகிற இயந்திரத்தையே நாம் தெரிந்துகொள்ளவேண்டும்.

பழைய தகடு புதிய இயந்திரத்தில் ஏன் ஓடாமற்போகிறது? இதை விளங்கிக்கொள்ள நம் ஊர் இரயில் சந்திப்பே போதும். விழுப்புரத்தில் ஐந்து திசைகளிலிருந்தும் வந்துகூடிய தடங்கள் ஒருகாலத்தில் மீட்டர் பாதைகளாக இருந்ததை நம் மூத்தோர் அறிவர். தண்டவாளங்களுக்கு இடையே 1000 மில்லிமீட்டர் இருந்தது. அவை 1676 மில்லிமீட்டர் அகலப் பாதையாக மாற்றப்பட்டபோது, பழைய எஞ்சின்களும் பெட்டிகளும் புதிய தடத்தில் ஓட இயலவில்லை. அவற்றில் பழுது ஒன்றும் இல்லை; தடம் மாறிவிட்டது. விளையாட்டுத் தகடும் அத்தகையதே. அது ஒரு குறிப்பிட்ட செயலியின் மொழியில் எழுதப்பட்டது. செயலி மாறினால் அந்த மொழியை அறிந்தவர் உள்ளே எவரும் இரார்.

இதற்கு இரண்டு தீர்வுகள் உண்டு. பழைய செயலியையே புதிய பெட்டிக்குள்ளும் வைப்பது ஒன்று. பழைய இயந்திரத்தைப்போல நடிக்கும் மென்பொருளை எழுதுவது மற்றொன்று. இதனை எமுலேட்டர் என்பர். இரண்டும் செலவும் உழைப்பும் கோருவன. ஆயினும் இயலாதவை அல்ல என்பதற்கு வரலாறு சாட்சி பகருகிறது. 1986இல் வந்த அட்டாரி 7800, அதற்கு முந்திய 2600இன் விளையாட்டுகளில் ஏறத்தாழ எல்லாவற்றையும் ஏற்றுக்கொண்டது. 2001இல் வந்த நின்டெண்டோவின் கேம் பாய் அட்வான்ஸ், 1989ஆம் ஆண்டு கேம் பாயின் கேசட்டுகளையும் ஓட்டியது. 2000இல் வெளிவந்து உலகெங்கும் 15 கோடிக்கு மேல் விற்ற பிளேஸ்டேஷன் 2இன் அமைப்பு இன்னும் சிறப்பானது. முதல் பிளேஸ்டேஷனின் மையச் செயலியை அதன் வடிவமைப்பாளர்கள் தூக்கியெறியவில்லை. உள்ளீடு, வெளியீடு என்னும் சிறு பணிகளைக் கவனிக்கும்படி புதிய பெட்டிக்குள் அதற்கு ஓர் இடம் கொடுத்தார்கள். பழைய தகடு உள்ளே நுழைந்ததும் அதுவே எழுந்து தன் பழைய வேலையை மேற்கொண்டது.

அடுத்த தலைமுறையில் நடந்தது வேறு. 2006இல் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் வெளிவந்த பிளேஸ்டேஷன் 3இல் பிளேஸ்டேஷன் 2இன் முக்கியச் சில்லுகள் இருந்தன. விலையைக் குறைக்கவேண்டி அவை படிப்படியாக நீக்கப்பட்டன. 2007இன் இறுதியில் வந்த 40 ஜிபி மாதிரி, பிளேஸ்டேஷன் 2 தகடுகளை அறவே ஏற்கவில்லை. பிளேஸ்டேஷன் 3இன் 'செல்' என்னும் செயலியோ எதனோடும் ஒட்டாத தனி அமைப்புடையது. ஆகவே 2013இல் வந்த பிளேஸ்டேஷன் 4இல் அதன் தகடுகள் ஓடவில்லை. இன்றைய பிளேஸ்டேஷன் 5 மிகச் சிலவற்றைத் தவிர பிளேஸ்டேஷன் 4இன் விளையாட்டுகள் எல்லாவற்றையும் ஏற்கிறது. அதற்கு முந்திய தலைமுறைகளின் தகடுகளை ஏற்பதில்லை.

மைக்ரோசாஃப்ட் நிறுவனம் இதில் கூடுதல் அக்கறை காட்டியது. 2013இல் வந்த எக்ஸ்பாக்ஸ் ஒன், தொடக்கத்தில் பழைய தகடுகளை ஏற்கவில்லை. 2015 நவம்பரில் எக்ஸ்பாக்ஸ் 360இன் விளையாட்டுகள் மென்பொருள் வழியாய் அதில் ஓடத் தொடங்கின. 2021 நவம்பரில் அப்பணி நிறுத்தப்பட்டபோது, பழைய இரு தலைமுறைகளின் 600க்கும் மேற்பட்ட விளையாட்டுகள் புதிய இயந்திரங்களில் இடம்பெற்றிருந்தன. ஆனால் இங்கு ஒன்றைக் கவனிக்கவேண்டும். அந்தப் பழைய தகட்டைச் செருகினால், விளையாட்டு தகட்டிலிருந்து ஓடுவதில்லை. இயந்திரம் அதை இணையத்திலிருந்து இறக்கிக்கொள்கிறது. தகடு ஒரு சாவியாக மட்டும் பயன்படுகிறது. இணைய இணைப்பு இல்லாத வீட்டில் அந்தச் சாவி எந்தக் கதவையும் திறவாது.

இவ்வளவு பாடு எதற்கு, பழையதை யார்தான் விளையாடுகிறார்கள் என்று கேட்போர் உண்டு. சோனி நிறுவனத்தின் உயர் அலுவலராயிருந்த ஜிம் ரயன் 2017இல் இப்படிப்பட்ட கருத்தையே வெளிப்படுத்தினார்: இந்த வசதியை எல்லாரும் கேட்கிறார்கள், கொடுத்தால் பயன்படுத்துவோர் குறைவு, பழைய விளையாட்டுகள் பார்வைக்கு மிகப் பழமையாய்த் தோன்றுகின்றன. அதே ஆண்டில் ஆர்ஸ் டெக்னிகா என்னும் அமெரிக்கத் தொழில்நுட்ப இதழ் செய்த ஆய்வில், எக்ஸ்பாக்ஸ் ஒன்னில் செலவிடப்பட்ட நேரத்தில் ஏறத்தாழ 1.5 விழுக்காடு மட்டுமே பழைய விளையாட்டுகளுக்குச் சென்றதாகத் தெரிந்தது. எக்ஸ்பாக்ஸ் ஒன் வைத்திருப்போரில் பாதிப்பேர் ஒருமுறையேனும் பழைய விளையாட்டைத் தொட்டிருக்கிறார்கள் என்று மைக்ரோசாஃப்ட் மறுமொழி கூறியது.

இந்த வாதத்தை நான் அற்பமாய் எண்ணவில்லை. வணிகர் கணக்குப் பார்ப்பது இயல்பே. ஆனால் பயன்படுத்தும் நேரத்தை மட்டும் வைத்து ஒரு பொருளின் மதிப்பை அளக்கலாகுமா? நம் இல்லங்கள் பலவற்றில் பாட்டியின் பழைய வேதாகமம் இருக்கிறது. அதை ஆண்டில் எத்தனை மணிநேரம் திறக்கிறோம்? 1978இல் தமிழ் எழுத்துச் சீர்திருத்தம் வந்து சில எழுத்துகளின் வடிவம் மாறியது. ஆயினும் இன்று பள்ளியில் பயிலும் பேத்தி அந்தப் பழைய 'லை', 'னை' வடிவங்களைச் சற்றுத் தடுமாறியேனும் வாசித்துவிடுகிறாள். சீர்திருத்தம் செய்தவர்கள் பழைய நூல்களை நமக்கு அந்நியமாக்கிவிடவில்லை. எழுத்துக்குச் செய்ததை இயந்திரத்துக்கும் செய்யவேண்டும் என்பதே என் கோரிக்கை.

மேலும், பெருநகரத்துச் செல்வர் வீட்டுக் கணக்கும் நம் ஊர்க் கணக்கும் ஒன்றல்ல. இங்கே ஒரு தகடு ஒருவரோடு நின்றுவிடுவதில்லை. அண்ணன் முடித்ததைத் தம்பி எடுக்கிறான், பிறகு சித்தி வீட்டுப் பிள்ளைகளுக்குச் செல்கிறது. வளைகுடாவில் உழைக்கும் மாமா விடுமுறைக்கு வரும்போது இரண்டைக் கொண்டுவருகிறார். பத்து ஆண்டுகளில் சேர்ந்த அந்த அலமாரி புதிய இயந்திரம் வந்த நாளில் பயனற்றுப்போனால், இழப்பு ஒரு பிள்ளைக்கு மட்டுமன்று.

நம் தேசத்திற்கும் இதில் ஓர் இழப்பு உண்டு. பிளேஸ்டேஷன் 3 வந்த பின்பும் இந்தியாவில் விலை குறைந்த பிளேஸ்டேஷன் 2 பல ஆண்டுகள் விற்பனையாயிற்று. ஆகவே நம் நாட்டவர் உருவாக்கிய தொடக்ககாலக் கன்சோல் விளையாட்டுகள் அதற்காகவே எழுதப்பட்டன. ஐதராபாத்தில் உருவாகி 2009இல் வெளிவந்த 'ஹனுமான்: பாய் வாரியர்' அவற்றுள் முன்னோடி. கபடி, கிட்டிப்புள், பட்டம் விடுதல் முதலிய நம் விளையாட்டுகளைத் திரைக்குக் கொண்டுவந்த 'தேசி அட்டா'வும் அதே ஆண்டில் வந்தது. சோனி 2013இன் தொடக்கத்தில் பிளேஸ்டேஷன் 2 தயாரிப்பையே நிறுத்திக்கொண்டது. அந்தத் தகடுகளைப் பிளேஸ்டேஷன் 4இலோ 5இலோ செருகினால் ஒன்றும் நிகழாது. நம்மவர் கன்சோலுக்கென எழுதிய முதல் பக்கங்களை, பழைய இயந்திரத்தைப் பழுதின்றி வைத்திருப்பவர் மட்டுமே இன்று புரட்ட முடியும்.

இந்த இழப்பு நமக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010க்கு முன் அந்நாட்டில் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று சந்தையில் முறையாகக் கிடைப்பதில்லை.

தகடே வேண்டாம், எல்லாவற்றையும் இணையத்தில் வாங்கிக்கொள்ளலாம் என்பது இன்றைய அறிவுரை. அதிலும் நிதானம் வேண்டும். நின்டெண்டோ தன் வீ யூ, 3டிஎஸ் இயந்திரங்களின் இணையக் கடைகளில் விற்பனையை 2023 மார்ச்சில் நிறுத்தியது. எக்ஸ்பாக்ஸ் 360இன் கடை 2024 ஜூலையில் மூடப்பட்டது. பிளேஸ்டேஷன் 3இன் கடையை மூடப்போவதாக 2021இல் சோனி அறிவித்தபோது, வாடிக்கையாளர் குரல் எழுப்பியதால் அடுத்த மாதமே அந்த முடிவைக் கைவிட்டது. கேட்பவர் கேட்டால் செவிகொடுக்கப்படும் என்பதற்கு இது நல்ல சான்று. இணையத்தில் நாம் பணம் கொடுத்துப் பெறுவது பெரும்பாலும் பயன்படுத்தும் உரிமம் மட்டுமே. இதை வாங்குபவருக்குத் தெளிவாய்ச் சொல்லவேண்டும் என்று கலிஃபோர்னியா மாநிலம் இயற்றிய சட்டம் 2025 ஜனவரி முதல் நடைமுறையில் உள்ளது.

இனி நேர்மையைப் பற்றி ஒரு சொல். பிளேஸ்டேஷன் 2 காலத்தில் சிப் பொருத்திய இயந்திரங்களும் நகல் சிடிகளும் நம் ஊர்களில் தாராளமாய்ப் புழங்கின. அதை நியாயப்படுத்த இயலாது. இன்றும் பழைய விளையாட்டு கடையில் கிடைக்காதபோது, இணையத்திலிருந்து நகலை இறக்கிக்கொள்ளும் சோதனை பிள்ளைகளுக்கு வருகிறது. எமுலேட்டர் என்னும் கருவி தன்னளவில் தீங்கானதன்று. சோனிக்கும் கனெக்டிக்ஸ் நிறுவனத்திற்கும் இடையிலான வழக்கில் 2000ஆம் ஆண்டு அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், அத்தகைய மென்பொருளை உருவாக்க கனெக்டிக்ஸ் கையாண்ட வழி நியாயமானது என்றே தீர்த்தது. பிறர் உழைப்பை விலையின்றி எடுத்துக்கொள்வது வேறு. இந்த வேறுபாட்டைப் பிள்ளைகளுக்குப் பொறுமையாய் விளக்குங்கள். அதே வேளையில், நேர்மையான வாசலை அடைத்துவைத்துவிட்டுச் சுவரேறுகிறவரை மட்டும் குறைகூறும் நிறுவனங்களும் தங்கள் பங்கை உணரவேண்டும்.

ஆகவே இந்தப் பண்டிகைக் காலத்தில் வாங்கப்போகிற பெற்றோருக்கு நான் சொல்லக்கூடியவை நான்கு.

முதலாவது, கடைக்குச் செல்லுமுன் வீட்டு அலமாரியைத் திறந்து, எந்தத் தலைமுறைத் தகடுகள் உள்ளன என்று எழுதிக்கொள்ளுங்கள். பிளேஸ்டேஷன் 4 தகடுகள் என்றால் பிளேஸ்டேஷன் 5 அவற்றை ஏற்கும். பிளேஸ்டேஷன் 2, 3 தகடுகள் என்றால் ஏற்காது. அவற்றுக்குப் பழைய இயந்திரமே துணை.

இரண்டாவது, தகடு செருகும் இடம் இருக்கிறதா என்று பாருங்கள். பிளேஸ்டேஷன் 5 இந்தியாவுக்கு வந்தபோது தகடு ஏற்கும் பெட்டி 49,990 ரூபாய், தகடு ஏற்காத டிஜிட்டல் பெட்டி 39,990 ரூபாய். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ்ஸிலும் தகட்டுக்கு இடமில்லை. பத்தாயிரம் ரூபாய் மிச்சம் என்று எண்ணி வாங்கி, வீட்டிலுள்ள தகடுகள் அனைத்தையும் இழப்பது மிச்சமாகாது.

மூன்றாவது, பிள்ளை சேமித்துவைத்த நிலையையும் நினைவில் கொள்ளுங்கள். பிளேஸ்டேஷன் 4இல் சேமித்ததை யூஎஸ்பி வழியாகப் பிளேஸ்டேஷன் 5க்கு மாற்றலாம். பழைய பெட்டியை விற்றபின் இதை நினைத்துப் பயனில்லை.

நான்காவது, பழைய பெட்டியை அவசரப்பட்டுப் பழைய பொருள் வாங்குகிறவரிடம் கொடுத்துவிடாதீர்கள். தூசி தட்டி, துணி சுற்றி, ஈரமற்ற இடத்தில் வையுங்கள். தகடு உள்ளவரை அதற்கும் வேலை உண்டு.

தன் பொக்கிஷத்தைத் திறக்கும் வீட்டெஜமானைக் குறித்த சிறிய உவமையை நீங்கள் அறிவீர்கள். அவன் கையில் புதியதும் இருந்தது, பழையதும் இருந்தது. புதியதை விரும்பும் பிள்ளையை நாம் கடிந்துகொள்ள வேண்டாம். முன்பு வாங்கியதன் அருமையை அறிந்து புதியதைத் தெரிந்துகொள்ள அவனுக்குக் கற்றுக்கொடுப்போம். விற்கிறவரிடமும் தயங்காமல் கேட்போம்: "இதில் எங்கள் பழைய தகடு ஓடுமா?" ஊருக்கு ஊர் இந்தக் கேள்வி எழுந்தால், அடுத்த இயந்திரத்தை வடிவமைப்பவர் காதிலும் அது விழும்.

வரும் வாரமும் உங்கள் இல்லங்களில் சமாதானம் தங்குவதாக.

உங்கள் போதகர்