வெண்ணெய்க் காப்பும் வெண்ணெய்க் காப்பியும்

கே.கே. நகரில் சிவன் பூங்காவுக்கு அருகே ஓர் இல்லம். தாத்தாவுக்கு வயது 74, பாட்டிக்கு 69. பெங்களூரில் பணிபுரியும் பேரன் விடுமுறைக்கு வந்திருந்தான். வந்த மறுநாள் காலையிலேயே சமையலறைக்குள் நுழைந்து, "பாட்டி, உப்புப் போடாத வெண்ணெய் இருக்கிறதா? வெண்ணெய்க் காப்பி போட வேண்டும்" என்றான்.

பாட்டியின் செவியில் கடைசி எழுத்து வேறாக விழுந்தது. "வெண்ணெய்க் காப்பா? நாமக்கல்லுக்கா போகப் போகிறாய்? முன்கூட்டியே பணம் கட்டிவிட்டாயா?" என்று கேட்டார். மேற்கூரையின்றி வெட்டவெளியில் 18 அடி உயரத்தில் நிற்கும் நாமக்கல் ஆஞ்சநேயரை, திருமேனி முழுதும் வெண்ணெய் சாத்திய கோலத்தில் ஒருமுறை தரிசித்தவருக்கு அச்சொல் வேறெதை நினைவூட்டும்?

"காப்பு இல்லை பாட்டி, காப்பி. குடிக்கிற காப்பி."

பாட்டிக்கு அது வேடிக்கையாகப் படவில்லை. காப்பிக்கு உரியது பால். அதுவும் தண்ணீர் கலவாத பசும்பால். வெண்ணெய் கண்ணனுக்கு உரியது. மிஞ்சியது நெய்யாகக் காய்ச்சப்பட வேண்டியது. அதைக் கொண்டுபோய்க் கரிய டிகாஷனில் போடுவதா? "யாரடா இதைக் கண்டுபிடித்தது?" என்றார். பேரன் சொன்ன மறுமொழியில்தான் அவர் முகம் சற்றே மாறிற்று. கதை தொடங்கியது கயிலை மலையடியில்.

டேவ் ஆஸ்ப்ரே என்னும் அமெரிக்கர் 2004-இல் திபெத்தில் கயிலைக்கு அருகே மலைநடை சென்றிருந்தார். கடுங்குளிரில் சோர்ந்து ஒரு விடுதியை அடைந்த அவருக்கு, யாக் வெண்ணெய் கலந்த தேநீரை ஒரு கிண்ணத்தில் கொடுத்தார்கள். அதைப் பருகியதும் புத்துயிர் பெற்றதாக அவரே எழுதியிருக்கிறார். ஊர் திரும்பிய பின் தேநீருக்குப் பதிலாகக் காப்பியை வைத்து, வெண்ணெயோடு தேங்காய் எண்ணெயிலிருந்து பிரித்தெடுத்த ஓர் எண்ணெயையும் சேர்த்துக் கடைந்து பார்த்தார். 2009-இல் செய்முறையை வெளியிட்டார். காலை உணவுக்கு மாற்றாக இளைஞர் பலர் இன்று அருந்தும் 'புல்லட்ப்ரூஃப்' காப்பி அதுவே.

கயிலை வலம் சென்று வந்த அன்பர்கள் அந்தத் தேநீரை அறிவர். கட்டித் தேயிலையை நெடுநேரம் கொதிக்க வைத்து, உப்பும் வெண்ணெயும் சேர்த்து, நீண்ட மர உருளையில் இட்டுக் கோலால் கடைவார்கள். (யாக் என்பது உண்மையில் ஆண் விலங்கின் பெயர். பால் கொடுக்கும் பெண்ணைத் திபெத்தியர் 'த்ரி' என்பர். நாம் எல்லாவற்றையும் யாக் என்றே சொல்லிப் பழகிவிட்டோம்.) வலப்பாதையின் உச்சியான டோல்மா கணவாய் 5,600 மீட்டருக்கும் மேல். காய்கறி அரிதாய், குளிர் கொடிதாய், நடை ஓயாததாய் உள்ள அந்த மண்ணில் உடலைக் காப்பது கொழுப்பு. சித்திரை வெயிலில் அசோக் பில்லர் சந்திப்பில் பேருந்துக்கு நிற்பவருக்கு அத்தகைய தேவை எழுவதில்லை என்பதையும் இங்கேயே சொல்லிவிடலாம்.

காப்பியும் வெண்ணெயும் சேர்வது ஆஸ்ப்ரேக்கு முன்பும் இருந்ததுதான். காப்பிச் செடியின் தாயகமான எத்தியோப்பியாவில் ஒரோமோ மக்கள் காப்பிக் கொட்டையை வெண்ணெயில் வறுத்து உண்பர். சிங்கப்பூரின் பழைய காப்பிக் கடைகளில் 'கோப்பி கு யூ' என்று கேட்டால், சூடான காப்பியின்மேல் ஒரு வெண்ணெய்த் துண்டு மிதந்து வரும்.

கயிலையின் பெயரைக் கேட்டபின் பாட்டி மறுக்கவில்லை. ஆனால் செய்வதைத் தம் வழியில் செய்தார். மூன்று மேசைக்கரண்டி பொடிக்கு முக்கால் டம்ளர் கொதிநீர் விட்டு, ஃபில்டரில் முதல் டிகாஷன் இறங்கக் கால் மணி நேரம் காத்திருந்தார். இறங்கிய டிகாஷனில் ஒரு பங்குக்கு இரு பங்கு வெந்நீர். பாலுக்கு இடமில்லாததால் டிகாஷனை அப்படியே விட்டால் கசப்பு நாக்கைப் பிடித்துக்கொள்ளும். வெண்ணெய் ஒரு டம்ளருக்கு ஒரு தேக்கரண்டி, அதாவது 5 கிராம். கடையில் கிடைக்கும் மேசை வெண்ணெயில் உப்பு உண்டு, அது உதவாது. வீட்டில் கடைந்ததாயின் குளிர்ந்த நீரில் இரண்டு மூன்று முறை அலசி, மோர் முழுதும் நீங்கிய பின்னரே சேர்க்க வேண்டும். மோர் தங்கினால் காப்பியில் புளிப்புத் தட்டும்.

சூடான காப்பியில் வெண்ணெயைப் போட்டுக் கரண்டியால் கலக்கினால், ரசத்தின்மேல் நெய் நிற்பதுபோல் மஞ்சளாய் மிதக்கும். டபராவில் ஆற்றினாலும் நுரை வருமே தவிர வெண்ணெய் கலவாது. கடைந்தால்தான் கலக்கும். பேரன் மிக்ஸியை எடுக்கப் போனான். கொதிக்கும் காப்பியை மிக்ஸியில் ஊற்றி இறுக மூடி ஓட்டினால், உள்ளே சேரும் ஆவி மூடியைத் தூக்கி எறிந்து கையையும் முகத்தையும் சுட்டுவிடும். மிக்ஸிதான் வேண்டுமென்போர் சூடு சற்றுத் தணிந்தபின், ஜாரில் பாதிக்கும் குறைவாக ஊற்றி, ஆவி வெளியேற வழிவிட்டு ஓட்டுவது நலம். பாட்டி பரணிலிருந்து தம் கல்யாணச் சீரில் வந்த சிறு மத்தை இறக்கச் சொன்னார். ஆழமான பாத்திரத்தில் ஒரு நிமிடம் கடைந்ததும், கரிய காப்பி பால் விட்டதுபோல் வெளிறி, மேலே நுரை கட்டி நின்றது.

"தயிரிலிருந்து வெண்ணெயைப் பிரிப்பதும் இந்த மத்து, காப்பியில் வெண்ணெயைச் சேர்ப்பதும் இந்த மத்தா?" என்று அவரே வியந்தார். குளிர்ந்த தயிரில் கொழுப்புத் துளிகள் ஒன்றோடொன்று மோதி ஒட்டிக் கட்டியாகின்றன. சூட்டில் உருகிய வெண்ணெயோ அதே சுழற்சியில் நுண்துளிகளாகச் சிதறுகிறது. வெண்ணெயில் எஞ்சியுள்ள சிறிதளவு பால் புரதம் அத்துளிகளை மீண்டும் ஒட்டாமல் சற்று நேரம் தடுக்கிறது. நெய்யில் அப்புரதம் இல்லாததால் நெய் விட்ட காப்பி விரைவில் பிரிந்துவிடும். வெண்ணெய் விட்டதையும் ஆறவைத்துக் குடிக்க இயலாது. கடைந்த கையோடு பருகிவிட வேண்டும். சுவை எப்படி என்றால், கசப்பு அடங்கி நாவில் வழுவழுப்பாய் இறங்கும். காப்பியின் மணம் மட்டும் ஒரு மாற்றுக் குறைவு என்பது பாட்டியின் தீர்ப்பு.

இத்தோடு முடிந்திருந்தால் இது ஒரு சமையல் குறிப்புதான். மூன்றாம் நாள் ஏகாதசி வந்தது.

தாத்தா நெடுங்காலமாக ஏகாதசி விரதம் காப்பவர். தானியம் தொடமாட்டார், காலையில் பாலும் வாழைப்பழமும் உண்டு. சர்க்கரை நோய்க்கு மாத்திரை எடுப்பவர். "இதைக் குடித்தால் பகல் ஒரு மணி வரை பசியே தெரியாது தாத்தா" என்று பேரன் சொன்னது அவர் மனத்தில் நின்றது. இதில் தானியம் இல்லை, பசியும் எடுக்காது. விரதத்துக்கு இதைவிட உகந்தது உண்டா என்று எண்ணினார். அன்று காப்பி கடைந்தவன் பேரன். அவன் அளவு இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெய், சர்க்கரை கிடையாது. பாலையும் பழத்தையும் விலக்கிவிட்டு அதை மட்டும் அருந்தி, வழக்கமான மாத்திரையையும் போட்டுக்கொண்டு, மேற்கு மாம்பலம் கோதண்டராமர் கோயிலுக்குப் புறப்பட்டார்.

தரிசனம் முடிந்து வாசலுக்கு வந்தபோது உடல் வியர்த்தது; கைகள் நடுங்கின; கண் இருண்டது. பசி இல்லாததால் வெயில் என்றே எண்ணினார். துளசி மாலை விற்கும் அம்மையார் பார்த்துவிட்டு, "ஐயா, உங்களுக்குச் சுகர் இருக்கா?" என்று கேட்டு அவரை உட்கார வைத்து, அருகிலிருந்த டீக்கடையில் மூன்று கரண்டிச் சர்க்கரையை நீரில் கரைத்து வாங்கிவந்து கொடுத்தார். கால் மணி நேரத்தில் நடுக்கம் நின்றது.

மருத்துவர் அன்று மாலை சொன்னது எளிய கணக்கு. வெண்ணெயில் மாவுச்சத்து இல்லை எனலாம். அது வயிற்றை நிறைத்துப் பசியை அடக்குமே அன்றி, இரத்தத்தில் சர்க்கரையை ஏற்றாது. தாத்தா எடுத்த மாத்திரையோ உணவு வரும் என்று நம்பிச் சர்க்கரையை இறக்கும் வகை. வழக்கமான பாலும் பழமும் இத்தனை காலம் அவரைக் காத்து வந்தன. விரதம் இருப்பதை மருத்துவர் தடுக்கவில்லை. ஏகாதசிக்கு முன்பே தம்மிடம் கேட்டு, அன்றைய மாத்திரையின் அளவையும் நேரத்தையும் முடிவு செய்துகொள்ளச் சொன்னார். தாமாகவே நிறுத்துவதும் தவறு, தாமாகவே தொடர்வதும் தவறு என்றார்.

இன்னொன்றும் சொன்னார். இரண்டு மேசைக்கரண்டி வெண்ணெயில் ஏறக்குறைய 14 கிராம் நிறைவுற்ற கொழுப்பு உண்டு. நாளைக்கு 1,800 கலோரி உண்பவருக்கு உலக சுகாதார நிறுவனம் காட்டும் உச்ச வரம்பு சுமார் 20 கிராம். காலைக் காப்பியிலேயே மூன்றில் இரு பங்கு போய்விட்டால், கொலஸ்ட்ராலுக்கு மாத்திரை எடுக்கும் 74 வயதுக்காரர் எஞ்சிய நாளில் எதை உண்பது? போதாததற்கு, காகித வடிகட்டியில் நின்றுவிடும் கொலஸ்ட்ராலை ஏற்றும் பொருள் ஒன்று நம் உலோக ஃபில்டரில் டிகாஷனோடு இறங்கிவிடுகிறது. பாட்டியின் 5 கிராம் அளவு, அதுவும் எப்போதாவது ஒருநாள், என்றால் தமக்கு மறுப்பில்லை என்றார் மருத்துவர்.

பேரன் அன்றிரவு அதிகம் பேசவில்லை. "நீ என்ன செய்வாய், உன் வயதுக்கு அது ஒத்துக்கொண்டது" என்று பாட்டிதான் சமாதானம் சொன்னார்.

மறுநாள் துவாதசி. விடியலில் அகத்திக்கீரையும் நெல்லிக்காய்ப் பச்சடியுமாகப் பாரணை முடிந்தது. பூஜையறையில் கண்ணன் முன் கிண்ணத்தில் வைத்த வெண்ணெய் நிவேதனமாகியிருந்தது. பாட்டி அதை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போகும் வழியில் நின்று, "உங்களுக்குக் காப்பியில் வெண்ணெயா, பாலா?" என்று கேட்டார்.

"பால்" என்றார் தாத்தா, செய்தித்தாளிலிருந்து கண்ணை எடுக்காமல்.